தட்டோடு உள்ளே வருகிறாள்

நாங்கள் லண்டனில் பிளேஸ்டோவுக்குக் குடிவந்த முதல் கிழமையிலேயே பக்கத்து வீட்டுப் பெண் ஒரு பிணத்தைக் கண்டுபிடித்தார். தொலைக்காட்சியில்தான். ஏதோ ஒரு மாளிகை. தேநீர்த் தட்டோடு அறைக்குள் வந்தவர், கம்பளத்தில் குப்புறக் கிடந்த முதலாளியைப் பார்த்தார். தட்டைச் சிந்தாமல் மேசையில் வைத்தார். அதற்குப் பிறகுதான் கத்தினார்.

அம்மா சோற்றுக் கையோடு எழுந்து நின்றுவிட்டார். "இது அடுத்த வீட்டு மனிசியெல்லே. காலமை உடுப்புக் காயப் போட்டவ."

அவரேதான். மறுநாள் வேலிக்கு மேலால் தங்கைதான் துணிந்து கேட்டாள். அவர் சிரித்து, "கத்தினது நல்லா இருந்ததே?" என்றார். அவர் பேசிய ஆங்கிலம் நாங்கள் பள்ளிக்கூடத்தில் படித்த ஆங்கிலம் இல்லை. ஸ்கொட்லாந்தின் வடகிழக்கில் ஒரு மீன்பிடித் துறையில் பிறந்தவர், நாற்பது வருடம் லண்டனில் இருந்தும் அந்த நாக்கை விடவில்லை. என் நினைவில் அவர் எங்கள் தமிழிலேயே பேசுகிறார். அப்படியே எழுதுகிறேன்.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. அடுத்த சில வருடங்களில் அவரை நாங்கள் எல்லா உடுப்பிலும் பார்த்துவிட்டோம். வாடகைக்கு அறை விடுகிற சிடுமூஞ்சி, ஆஸ்பத்திரித் தலைமைத் தாதி, சிறைக் காவலாளி, பாதிரியாரின் தமக்கை, எதையோ கண்டும் காணாததுபோல் சாட்சி சொல்கிற தபாற்கந்தோர்க்காரி. ஒருமுறை விளம்பரம் வருவதற்கு முன்பே கொல்லப்பட்டார். ஆனால் அதிகம் செய்தது வேலைக்காரிதான். பெரிய நடிகர்கள் சண்டை பிடித்துக்கொண்டிருப்பார்கள். கதவு திறக்கும். அவர் தட்டோடு வருவார், வைப்பார், போவார். அவருக்கு வரும் பிரதிகளில் அவரது பாத்திரத்துக்குப் பல நேரம் பெயர் கூட இருக்காதாம். 'தட்டோடு உள்ளே வருகிறாள்' என்று மட்டும் இருக்கும்.

"நான் தட்டுத் தூக்கித்தான் இந்த வீட்டை வாங்கினனான்," என்பார். "ஒரு நாளும் விழுத்தினதில்லை. வேற ஆக்கள் விழுத்துவினம். உடையிற சத்தம் கேட்டா எல்லாரும் திரும்பிப் பாப்பினமெல்லோ, அதுக்காக."

அம்மாவின் ஆங்கிலம் முழுக்க அவரிடமிருந்து வந்தது. பாதி வேலியில், பாதி தொலைக்காட்சியில். எங்கள் 'ஓம்' போலவே வாய்க்கு வசதியாக இருந்ததால் அம்மா எதற்கும் 'ஐ' என்று ஸ்கொட்லாந்துக்காரர் போல ஆமாம் போட்டார். கவுன்சில் அலுவலகத்தில் சேலையும் பொட்டுமாக நின்று அம்மா அப்படிச் சொன்னபோது, கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பெடியன் நிமிர்ந்து பார்த்தது இன்னும் நினைவிருக்கிறது. எனக்கு வெட்கமாக இருந்தது. அம்மாவுக்கு ஒரு வெட்கமும் இல்லை.

அந்த நடிகையின் கணவர் தொலைக்காட்சிக்கு அரங்கு அமைக்கிற தச்சர். இவர் திறந்துகொண்டு வருகிற கதவுகளில் பலதை அந்த மனிதர்தான் செய்திருந்தார். பேச்சுக் குறைவு, புன்னகை அதிகம். அவருக்கு ஒரு பழக்கம். வீடியோ வருவதற்கு முந்தின காலத்தில், மனைவி திரையில் வருகிற நேரம் பார்த்து, தொலைக்காட்சிப் பெட்டியை அப்படியே கமராவில் படம் எடுப்பாராம். அந்த ஆல்பத்தை ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்களுக்குக் காட்டினார்கள். எல்லாப் படத்திலும் குறுக்கே ஒரு கறுப்புப் பட்டை விழுந்திருந்தது. பாதிப் படத்தில் அவர் வெளியே போய்க்கொண்டிருந்தார். வேறு யாராவது பெரிய நடிகரின் தோளுக்குப் பின்னால் ஒரு காது, ஒரு தொப்பி, தட்டின் ஒரு ஓரம். படப்பிடிப்பு நடக்கிற இடத்தில் தச்சர் கமரா தூக்க முடியாது. "ஒரு காட்சியில இவவை நேரா நிண்டு ஒரு படம் எடுக்கவேணும்," என்று அந்த மனிதர் சொன்னார். அதை ஆசை என்றுகூடச் சொல்லவில்லை, சும்மா சொன்னார்.

இனி அப்பாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஊரில் ஒருநாள் காலையில் சைக்கிளில் வேலைக்குப் போனார். பின்னேரம் வரவில்லை. அதற்குப் பிறகும் வரவில்லை. விசாரிக்க வேண்டிய இடமெல்லாம் விசாரித்தும் ஒன்றும் தெரியவில்லை. மாமா எங்களை லண்டனுக்கு எடுத்தார். அம்மா தாலியைக் கழற்றவில்லை, பொட்டை விடவில்லை. கதவை யாராவது தட்டினால், தபால்காரனோ மீற்றர் பார்க்கிறவனோ, அம்மா முதலில் சேலைத் தலைப்பை இழுத்து விடுவார், பிறகு விரலால் பொட்டைத் தொட்டுப் பார்ப்பார், அதற்குப் பிறகுதான் கதவைத் திறப்பார். தான் அப்படிச் செய்வது அம்மாவுக்கே தெரியாது. நானும் தங்கையும் அதைப் பற்றிப் பேசியதில்லை. எங்கள் சனம் நேரே கேட்காது. "ஊரில இருந்து ஏதும் தகவல் வந்ததே?" என்று கேட்டுவிட்டு அம்மாவின் நெற்றியைப் பார்க்கும். அந்தப் பார்வைக்கு எனக்கு வருகிற கோபம் இன்னும் குறையவில்லை.

எண்பதுகளின் கடைசியில் பக்கத்து வீட்டு நடிகைக்கு வாழ்நாளில் முதல் தடவையாக நிரந்தர வேடம் ஒன்று கிடைத்தது. ஸ்கொட்லாந்துக் கடற்கரைக் கிராமம் ஒன்றைப் பற்றிய தொடர், வியாழக்கிழமை தோறும். அவருக்குக் கடைக்காரரின் மனைவி வேடம். இந்த முறை பாத்திரத்துக்குப் பெயரும் இருந்தது. கடல், மீன், சம்பந்தம் பேசுகிற கிழவிகள், கோயிலில் வம்பு என்று எங்கள் சனத்துக்கு விளங்கக்கூடிய கதை. பக்கத்து வீட்டு மனிசி நடிக்கிறா என்று அம்மா எல்லோருக்கும் போனில் சொல்லிச் சொல்லி, லண்டனில் செவன் கிங்ஸ் முதல் எட்மண்டன் வரை எங்களுக்குத் தெரிந்த வீடெல்லாம் வியாழன் பின்னேரம் அந்தத் தொடரோடுதான் இருந்தது.

அந்தக் காலத்தில்தான் எனக்குச் செவன் கிங்ஸில் கலியாணம் சரிவந்தது. எங்கள் கலியாணங்களில் கடைசியில் ஆலாத்தி எடுப்பார்கள். வாழைப்பழத் துண்டுகளில் திரி குத்தி ஏற்றிய தட்டை, இரண்டு பெண்கள் எதிரெதிரே நின்று ஒன்றாகப் பிடித்து, மாப்பிள்ளை பெண்பிள்ளைக்கு முன் மூன்று தரம் சுற்றிப் பொட்டு வைப்பார்கள். இரண்டு பேரும் கணவனோடு வாழ்கிறவர்களாக இருக்கவேண்டும். ஒருவர் பெரியம்மா. மற்றவர் யார் என்பதில் அம்மா நிறைய யோசித்தார். தாயே எடுக்கிற வழக்கமில்லை என்று தானாகவே எல்லோருக்கும் சொல்லிக்கொண்டு திரிந்தார். யாரும் கேட்கவில்லை. கேட்டுவிடுவார்களோ என்ற பயம். கடைசியில் வேலிக்குப் போய், "மிஸிஸ், நீங்கள்தான் எடுக்கவேணும்," என்றார். சொந்தக்காரருக்குள் ஒருத்தியைப் பிடித்தால் மற்றவள் கோபிப்பாள், வெள்ளைக்காரியோடு யாரும் கோபிக்க மாட்டார்கள் என்பது அம்மாவின் கணக்கு. அன்பும் இருந்தது. அவர்தான் எங்களுக்கு லண்டனில் முதல் மனிதர்.

அவர் அதை ஒரு வேடமாகவே எடுத்துக்கொண்டார். எந்தக் கை முன்னுக்கு, எந்தப் பக்கம் சுற்று, கண் எங்கே பார்க்கவேண்டும் என்று அம்மாவைக் குடைந்தெடுத்தார். "இந்த ரெண்டு பேரும் எனக்கு ஆர்?" என்று கேட்டார். அம்மாவுக்குக் கேள்வி விளங்கவில்லை. கொஞ்சம் யோசித்துவிட்டு, "பிள்ளையள்," என்றார். "அது காணும்," என்றார் அவர். எங்கள் குசினித் தரையில் மஞ்சள் ரேப் நாடா ஒட்டி, நிற்கவேண்டிய இடங்களைக் குறித்தார். படப்பிடிப்பில் அப்படித்தானாம். பெரியம்மா எட்மண்டனில் இருந்ததால், பழகும்போது தட்டின் மறுபக்கத்தை அம்மா பிடித்தார். ஒவ்வொரு பின்னேரமும் இரண்டு பெண்களும் தண்ணீர் ஊற்றிய எவர்சில்வர் தட்டோடு மின்னடுப்புக்கு முன்னால் நின்று சுற்றுவார்கள். நானும் தங்கையும் மாப்பிள்ளை பெண்பிள்ளையாகக் கதிரையில் இருந்து சிரிப்போம். "இவ்வளவு காலமும் வேற ஆரின்ரையோ காட்சிக்குத் தட்டுக் கொண்டு போனனான்," என்று அவர் ஒருநாள் சொன்னார். "இதில தட்டுத்தான் காட்சி." அந்த மனிதர் கமராவுக்குப் புது ஃபிலிம் வாங்கி வைத்துவிட்டார்.

கலியாணம் ஞாயிற்றுக்கிழமை. அதற்கு முந்தின வியாழன், தொடரில் அவருடைய கணவன் கடலில் மூழ்கிப்போனான். எப்போதோ எடுத்த காட்சி, அது எந்தக் கிழமை வரும் என்பது அவர் கையில் இல்லை. கறுப்பு உடுப்போடு கடற்கரையில் முழந்தாளிட்டு அவர் அழுதபோது, கலியாண வீட்டுப் பலகாரம் சுட்டுக்கொண்டிருந்த பெண்கள் எல்லோரும் அடுப்பை அணைத்துவிட்டு வந்து அழுதார்கள். அம்மாவும் பார்த்தார். அம்மா மட்டும் அழவில்லை. அப்பா போன நாளிலிருந்து அம்மா எதற்கும் அழுததில்லை. அழுதால் அப்பா செத்துவிட்டார் என்று தானே முடிவு கட்டியதாகிவிடும்.

மணப்பெண் குனிந்திருந்தால் ஒன்றும் தெரியாது என்று நினைக்கிறார்கள். எனக்கு எல்லாம் தெரிந்தது. அவர் அம்மாவின் மயில்கழுத்துப் பட்டில், ஊசி குத்தி இறுக்கிய கொய்யக மடிப்போடு, மேடை ஓரத்தில் தட்டோடு நின்றார். திரிகள் எரிந்துகொண்டிருந்தன. மூன்றாவது வரிசையில் அந்த மனிதர், தன் கலியாணத்துக்குத் தைத்த கோட்டாக இருக்கவேண்டும், கமராவைக் கழுத்தில் போட்டுக்கொண்டு இருந்தார். மண்டபத்தில் ஒரு முணுமுணுப்புக் கிளம்பியது. என் மாமியார் குனிந்து அம்மாவின் காதில் சொன்னார். மெதுவாகச் சொன்னதாக அவருக்கு நினைப்பு.

"சம்பந்தி, வெள்ளைக்காரி எடுக்கிறதில எனக்கு ஒண்டுமில்லை. ஆனா இவ போன வியாழன்தானே மனிசனைக் கடலுக்குக் குடுத்தவ. எல்லாரும் பாத்தது. இந்த முகம் வேண்டாம். சபை கதைக்கும்."

சிரிப்பு வரவேண்டிய இடம். அம்மா ஒரு வார்த்தை சொன்னால் போதும். 'மனிசன் உதில இருக்கிறார், பாருங்கோ' என்று கையைக் காட்டினால் முடிந்தது. அம்மா வாயைத் திறந்ததை நான் கண்டேன். அந்த நேரம் பின்னால் இருந்து ஒரு பெண், யாரோ, சமாதானத்துக்காகச் சொல்வதுபோல, "உப்பிடி எல்லாம் பாக்க வெளிக்கிட்டா, மனிசன் இருக்கிறாரோ இல்லையோ எண்டு தெரியாத ஆக்களும் சபையில நிக்கினம்தானே," என்றாள்.

அம்மா வாயை மூடிக்கொண்டார். நேரே போய், "மிஸிஸ், ஒரு சின்ன மாற்றம்," என்று ஆங்கிலத்தில் சொல்லி, அவர் கையிலிருந்த தட்டை வாங்கி, மாமியாரின் தங்கையிடம் கொடுத்தார். அவர் ஏன் என்று கேட்கவில்லை. "ஐ, அதுக்கென்ன," என்று சொல்லி, அடுத்தவருக்கு இடம் விட்டு, யாருக்கும் மறைக்காமல் சுவரோடு ஒதுங்கி நின்றார். அவருக்கு அது பழகிய வேலை. மூன்றாவது வரிசையில் அந்த மனிதர் கமராவைக் கண்ணுக்கு வைத்தபடி எழுந்து நின்றிருந்தார். அதைக் கீழே இறக்கினார். இருந்தார். அம்மா அதைப் பார்த்தார். நான் அம்மாவைப் பார்த்தேன்.

வேலியில் அம்மா மன்னிப்புக் கேட்கப் போனபோது அவர் பேச விடவில்லை. "கடைசி நேரத்தில ஆளை மாத்திறது எங்கட தொழிலில சாதாரணம்," என்றார். ஏன் மாற்றினார்கள் என்று தெரிந்துகொள்ள அவர் விரும்பவுமில்லை. ஏதோ சாதி சமயக் கட்டுப்பாடு என்று நினைத்திருப்பார்.

அந்த மாரிகாலத்தில் அவருடைய கணவர் இறந்துபோனார். பட்டறையில் ஒரு கதவுக்கு நிலை பொருத்திக்கொண்டிருந்தபோது மாரடைப்பு. செய்தி கேட்டு அம்மா குசினியில் அப்படியே தரையில் இருந்துவிட்டார், அந்த மஞ்சள் ரேப்புக்குப் பக்கத்தில். "இருக்கிற மனிசனை இல்லையெண்டு ஆக்கினது நான்," என்றார். "சபைக்கு நடுவில தட்டைப் பறிச்சு, உனக்கு மனிசன் இல்லையெண்டு சொன்ன மாதிரித்தானே."

நான் படித்தவளென்ற திமிரில் அம்மாவுக்கு இதயநோயைப் பற்றி விளக்கினேன். அந்த மனிதர் குடித்த சிகரெட்டைப் பற்றிச் சொன்னேன். அம்மா கேட்டுக்கொண்டிருந்துவிட்டு எழுந்து அரிசி களைந்தார். எங்களில் செத்த வீட்டில் அடுப்பெரிக்க மாட்டார்கள், அக்கம்பக்கம்தான் சாப்பாடு கொடுக்கவேண்டும். முப்பத்தோராம் நாள் வரை அம்மா ஒருநேரம் தவறாமல் பக்கத்து வீட்டுக்குச் சாப்பாடு கொண்டுபோனார். தேங்காய்ப்பால் சொதி அவருக்குப் பிடித்துவிட்டது. பிளேஸ்டோவில் இப்படி ஒரு அயல் வேறு யாருக்கும் வாய்க்காது என்று தெருவில் கண்டவர்களுக்கெல்லாம் சொன்னார். அவர் புகழ்ந்த ஒவ்வொரு தடவையும் அம்மாவின் முகம் செத்துப்போகும்.

கமராவில் இருந்த ஃபிலிமைக் கழுவி எடுத்துக்கொண்டு வந்து அவர் எங்களுக்குக் காட்டினார். என் கலியாணப் படங்கள். மண்டப வாசல், குத்துவிளக்கு, வடை கடிக்கிற யாரோ ஒரு பிள்ளை, மாலையோடு நாங்கள். பட்டுச் சேலையில் அவர் வீட்டு வாசலில் நிற்கிற படம் ஒன்று. அதற்குப் பிறகு மண்டபத்துக்கு வெளியே எங்கள் கார். "நல்ல நாள் அது," என்றார் அவர். அம்மா படங்களை ஒவ்வொன்றாகப் பார்த்து, அடுக்கி, திருப்பிக் கொடுத்தார்.

தொடரில் அவர் இப்போது விதவை. உண்மையிலும் விதவை. அதற்குப் பிறகு வந்த வருடங்களில் அவர் நடித்ததைப் பற்றிப் பத்திரிகைகளில் எழுதினார்கள். நாற்பது வருடம் கதவு திறந்தவருக்கு அறுபதைத் தாண்டித்தான் முகம் முழுக்கக் காட்டுகிற காட்சிகள் வந்தன. கடையில், பஸ்ஸில் ஆட்கள் அவர் கையைப் பிடித்து அனுதாபம் சொன்னார்கள், அந்தக் கடைக்காரனுக்காக. அவரும் நன்றி சொல்வார், தச்சருக்காக. அம்மா ஒரு வியாழனையும் தவற விடவில்லை. அதை ஒரு தண்டனையாகத்தான் பார்த்தார் என்று நினைக்கிறேன். குசினித் தரையின் ரேப் தேய்ந்து, ஓரங்கள் சுருண்டு, கறுத்துப் போனது. நான் ஒருமுறை உரிக்கப் போனேன். "விடு," என்றார் அம்மா. அதைச் சுற்றித்தான் தரை துடைப்பார்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதியில், தங்கைக்குக் கலியாணம் பேசிக்கொண்டிருந்த காலத்தில், அவர் ஒரு மத்தியானம் வீட்டுக்கு வந்தார். நான் மகளோடு அம்மாவைப் பார்க்க வந்திருந்தேன். அவர் வேலியில் கூப்பிடாமல் முன் கதவைத் தட்டினார். அது வழக்கமில்லை. அம்மா தலைப்பை இழுத்து, பொட்டைத் தொட்டு, கதவைத் திறந்தார்.

வந்தவர் தேநீரைக் கையில் எடுத்தும் குடிக்கவில்லை. "வாற வியாழன் ரீவியில வரமுந்தி உங்களுக்கு நான் சொல்லவேணும்," என்றார். "அந்த ஆளைத் திருப்பிக் கொண்டு வாறாங்கள். என்ர கடைக்காரனை. சாகேல்லையாம்."

பார்க்கிறவர்கள் தொகை குறைந்துவிட்டதாம், அதற்காக. நினைவு தப்பிப்போய் நோர்வேயில் ஏதோ ஒரு துறைமுகத்தில் இத்தனை வருடமாக மீன் வெட்டிக்கொண்டிருந்தானாம். இதை எழுதுவதற்கு ஒருவனுக்குச் சம்பளம் கொடுக்கிறார்கள் என்று நினைக்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"மடத்தனம் எண்டு சொன்னனான். கேக்கேல்லை. தேத்தண்ணித் தட்டோட நிக்கேக்க கதவு தட்டுப்படும், திறந்து ஆளைக் கண்டு தட்டை விழுத்தவேணுமெண்டு எழுதியிருந்தது. விழுத்தமாட்டன் எண்டுட்டன். அப்ப என்ன செய்யப்போறீர் எண்டு கேட்டாங்கள்." அவர் கோப்பையை வைத்தார். "நான் உங்களிட்ட இருந்து ஒண்டை எடுத்திட்டன். கேக்காமல் எடுத்தது. கதவு தட்டுப்பட்டா நீங்கள் ஒண்டு செய்வீங்கள். பத்து வருசமாப் பாக்கிறன். அதைச் செய்திட்டன். செய்து முடிஞ்ச பிறகுதான், ஐயோ, இது அந்த மனிசியின்ர எல்லோ எண்டு விளங்கினது. பிறகு நித்திரை இல்லை."

அம்மாவுக்கு விளங்கவில்லை. நான்தான் தமிழில் சொன்னேன். தலைப்பு, பொட்டு. தன் கை தானாக நெற்றிக்குப் போனதைக் கண்டு, அம்மா அதைப் பாதி வழியில் நிறுத்தி மடியில் வைத்தார்.

பிறகு அம்மா தன் ஸ்கொட்லாந்து ஆங்கிலத்தில், இடையிடையே தமிழில், என் உதவியைக் கேட்காமல் சொன்னார். "நானும் உங்களிட்ட இருந்து எடுத்தனான், மிஸிஸ். அண்டைக்குத் தட்டை. உங்களுக்கு மனிசன் இல்லையெண்டு சொல்லிச்சினம், ரீவியைப் பாத்து. அவர் உதில இருந்தவர். எனக்குத் தெரியும். நான் சொல்லேல்லை. சொன்னா அடுத்ததா என்னைக் கேப்பினம், உனக்கு மனிசன் இருக்கோ எண்டு. அந்தப் பயத்தில உங்களை விதவையாக்கினனான். பிறகு அவர் போயிட்டார்."

அவர் சிரிக்கப் பார்த்தார். முடியவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"அந்தக் கடற்கரையில நான் ஆரை நினைச்சு அழுதனான் எண்டு நினைக்கிறீங்கள்?" என்றார். "அந்த நடிகனையே? அவன்ர வாயில எப்பவும் வெங்காயம். என்ர மனிசன் தேத்தண்ணி கலக்கிற சத்தம் இனிக் கேக்காது எண்டு நினைச்சுத்தான் அழுதனான். ஒவ்வொரு தரம் எடுக்கேக்கையும் அவரை ஒருக்காச் சாகக் குடுத்தனான். பின்னேரம் வீட்டை போனா அந்தாள் தேத்தண்ணி கலக்கிக்கொண்டு நிக்கும். முகத்தைப் பாக்கேலாமல் இருக்கும். ஆரின்ரையும் பிழை எண்டா அது என்ர பிழை. எனக்கு அதுக்குச் சம்பளமும் தந்தவங்கள்."

அந்த வியாழன் அம்மாவோடு நானும் இருந்து பார்த்தேன். கதவு தட்டப்பட்டது. அவர் தட்டை மெதுவாகத் தரையில் வைத்தார். எதுவும் சிந்தவில்லை. கழுத்துச் சால்வையை இழுத்துவிட்டார். விரல் நெற்றிக்குப் போய், அங்கே ஒன்றுமில்லாத இடத்தைத் தொட்டது. கதவைத் திறந்தார். அம்மா அழத் தொடங்கினார். சத்தமே இல்லாமல் தொடங்கி, பிறகு வீடு முழுக்கக் கேட்கிற மாதிரி அழுதார். நான் பக்கத்தில் போய் இருந்தேன். தொடர் முடிந்து செய்தி வந்து, செய்தியும் முடிந்தது. நான் பெட்டியை நிறுத்தவில்லை.

மறுநாள் தொடங்கிப் போன் வந்துகொண்டே இருந்தது. சனத்துக்குப் பெரிய சந்தோஷம். எட்மண்டனில் இருந்து தங்கையின் மாமியாராக வரப்போகிறவர் எடுத்தார். "அக்கா, அந்த அக்காவின்ர மனிசன் வந்திட்டார் கண்டியளே? எங்கட கலியாணத்துக்கு அவவையே ஆலாத்திக்குப் பிடியுங்கோ. ராசியான மனிசி." அம்மா போனைக் கையில் பிடித்தபடி சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார். "பிடிக்கிறன்," என்றார்.

தங்கையின் கலியாணத்தில் அவர் தன் சொந்தக் காசில் வாங்கிய சேலையில் வந்தார். அவர் மேடைக்கு வந்தபோது சிலர் கைதட்டினார்கள். திரிகளை ஏற்றித் தட்டை அவர் கையில் கொடுத்தார்கள். மறுபக்கம் பிடிக்கப் பெரியம்மா எழும்பியபோது, அம்மா பெரியம்மாவின் தோளில் கை வைத்து இருத்தினார். சபையைப் பார்த்துத் திரும்பினார். அம்மா நாலு பேருக்கு முன்னால் வாய் திறந்து நான் கண்டதில்லை.

"இவவின்ர மனிசன் உண்மையா மோசம் போயிட்டார். ரீவியில வந்தது பொய். நல்ல மனிசன், மூத்தவளின்ர கலியாணத்துக்கு வந்து உதில இருந்தவர். என்ர மனிசன் இருக்கிறாரோ இல்லையோ எண்டு எனக்குத் தெரியாது. நீங்கள் கேக்கிறியளில்லை, நானே சொல்லுறன். எனக்குத் தெரியாது. நாங்கள் ரெண்டு பேரும்தான் எடுக்கப்போறம்."

ஐயர் மேலே மின்விசிறியைப் பார்த்தார். யாராவது ஒரு வார்த்தை சொன்னால் கிழித்துவிடுவது என்று முன் வரிசைகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எட்மண்டன் மாமியார் அவரையும் அம்மாவையும் மாறிமாறிப் பார்த்தார். மணிக்கூட்டைப் பார்த்தார். "எடுங்கோ அக்கா, நேரம் போகுது," என்றார்.

அவர்கள் எடுத்தார்கள். ரேப் ஒட்டாத தரையில் இருவரும் சரியான இடத்தில் நின்றார்கள். எங்கள் குசினியில் பழகிய அதே இரண்டு பேர், அதே கைகள். மூன்று சுற்றும் ஒரே சீராக வந்தது, ஒரு திரியும் அணையவில்லை. வீடியோக்காரன் வெளிச்சத்தைப் பிடித்துக்கொண்டு சுற்றிச் சுற்றி எடுத்தான். பொட்டு வைத்து முடித்ததும் அவர் தலையைத் தூக்கினார். ஏதோ பழக்கத்தில் மண்டபத்துக்குள் எதையோ தேடினார். பிறகு தட்டைக் கீழே வைத்தார்.

வீட்டுக்குத் திரும்பும்போது அவர் முன் இருக்கையில் தூங்கிவிட்டார். பின்னால் அம்மா என் பக்கத்தில் இருந்தார். செய்துவிட்டீர்கள் அம்மா, இனியாவது விடுங்கள் என்று சொல்ல நினைத்து அவர் கையைப் பிடித்தேன்.

"அவ மூண்டாவது வரிசையைப் பாத்தவ," என்றார் அம்மா. "நான் கண்டனான்."

அம்மா முன் இருக்கையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்டைக்கே நான் வாயைத் திறந்திருந்தா, அந்த மனிசன் ஒரு படம் எடுத்திருக்கும்."